மூன்றாவது அழைப்பு

எனக்குக் கோபம் ஜாஸ்தி. கள்ளக்குறிச்சி கோர்ட்டில் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். டவாலி சொல்வார், எதிர்த்தரப்பு வக்கீல் சொல்வார், வாசலில் டீ போடுகிறவர் இன்னும் இரண்டு சேர்த்துச் சொல்வார். அந்தக் கோபத்தில் நான் செய்த ஒரு காரியத்தைப் பற்றித்தான் இதை எழுதுகிறேன். அது நல்லதில் சேர்ந்ததா, கெட்டதில் சேர்ந்ததா என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை.

அன்று காலையெல்லாம் கோர்ட்டில் நின்று, கடைசியில் வாய்தா வாங்கிக்கொண்டு எரிச்சலோடு திரும்பியிருந்தேன். என் அலுவலகம் ஒரு ஜெராக்ஸ் கடையின் மாடியில். உச்சி வேளை. தயிர்சாத டப்பாவைத் திறந்து வைத்திருந்தேன். அப்போது போன் அடித்தது. கூட்டல் குறியில் தொடங்கும் நீளமான வெளிநாட்டு எண்.

எடுத்தேன். ஓர் இளவயது ஆண் குரல். மும்பை சுங்கத்துறையிலிருந்து பேசுவதாகச் சொன்னது. என் ஆதார் எண்ணில் ஒரு பார்சல் பிடிபட்டதாம், அதில் போதைப்பொருளாம். "நீங்கள் இப்போது டிஜிட்டல் கைதில் இருக்கிறீர்கள் மேடம். போனை வைக்கக்கூடாது. வூட்டை விட்டு வெளியே போகக்கூடாது."

எழுதிக் கொடுத்ததை ஒப்பிக்கிற குரல். நடுவில் அந்த 'வூட்டை' மட்டும் தானாக வந்து விழுந்துவிட்டது. மும்பைக்காரன் எவன் வூடு என்று சொல்வான்? இது நம் பக்கத்துப் பயல். எனக்கு உச்சந்தலைக்கு ஏறியது.

"டேய், முப்பது வருஷமா கோர்ட்டுப் படி ஏறி எறங்கறவகிட்டயே கைதா? எந்த செக்‌ஷன்ல கைது பண்ணே, சொல்லு. எந்த மாஜிஸ்ட்ரேட்டு? நம்ம ஊருச் சோத்தத் துன்னுட்டு நம்ம ஊர்க்காரனையே ஏமாத்தறியே, வெக்கமா இல்ல? உம்மேல இன்னிக்கே கேஸ் போடறனா இல்லையா பாரு!"

அந்தப் பக்கம் பேச்சு நின்றது. அப்போதுதான் பின்னால் இருந்த சத்தம் எனக்குக் கேட்டது. நிறைய குரல்கள், ஆளுக்கொரு பாஷையில் எதையோ ஒப்பித்துக்கொண்டிருந்தன. அர்த்தம் புரியாவிட்டாலும் எல்லாம் ஒரே ராகத்தில் இருந்தன. திடீரென்று கணீரென ஒரு வெண்கலச் சத்தம். கைதட்டல். பிறகு அந்தப் பையன், வேறொரு ஆள் மாதிரி, மெதுவாகச் சொன்னான்.

"போடுங்க மேடம். கண்டிப்பா போடுங்க."

என்ன திமிர் பாருங்கள். போனை வெட்டினேன். அந்த எண்ணை பிளாக் செய்தேன். என் போனில் வருகிற பேச்செல்லாம் தானாகப் பதிவாகும், தொழிலுக்காக அப்படி வைத்திருக்கிறேன். அந்தப் பதிவையும் இணைத்து, சைபர் குற்றப் புகாரை அப்போதே ஆன்லைனில் அனுப்பினேன். அதற்கப்புறம்தான் தயிர்சாதம் சாப்பிட்டேன். நன்றாகவே சாப்பிட்டேன்.

மூன்று மாதம் போயிற்று. புகார் எண் ஒன்று வந்ததோடு சரி. நானும் மறந்துவிட்டேன்.

ஒரு நாள் அந்தப் பெண் மாடி ஏறி வந்தாள். முப்பத்தைந்து வயது இருக்கும். எனக்கு முன்பே தெரிந்தவள்தான். அவள் அப்பா மணலூர்பேட்டைப் பக்கம் கரும்பு வெட்டப் போன இடத்தில் லாரி மோதி இறந்துபோனார். அந்த விபத்து வழக்கை நான்தான் நடத்தினேன். அப்போது அவளோடு தம்பி ஒருவன் வருவான். கம்ப்யூட்டர் டிப்ளமோ படித்தவன், அதிகம் பேசமாட்டான், வக்காலத்து நமூனாவில் குண்டு குண்டாக அழகாக எழுதுவான். கச்சிராயபாளையம் தாண்டி மலையடிவாரத்தில் வீடு. அவள் தினமும் கல்வராயன் மலைக்கு மேலே மரவள்ளிக் காட்டுக்குக் கூலிக்குப் போகிறவள்.

"தம்பியக் காணங்க வக்கீலம்மா" என்றாள்.

தாய்லாந்தில் டைப் அடிக்கிற வேலை என்று போனில் எவனோ சொல்லியிருக்கிறான். முகம் தெரியாத ஏஜெண்ட். தம்பியும் கிளம்பிவிட்டான். போன இடத்தில் ஓர் ஆற்றைத் தாண்டி பர்மா பக்கம் கொண்டுபோய் அடைத்துவிட்டார்களாம். இரண்டு மாதம் வாரம் தவறாமல் பேசினான். அப்புறம் பேச்சே இல்லை.

"போன மாசம் மலை மேல இருந்தேன். உச்சிப் பொழுது. ஒரு பாறை மேலதாங்க சிக்னல் எடுக்கும், அங்கதான் சோறு துன்னுவோம். போன் அடிச்சுது. எடுக்கல. திரும்ப அடிச்சுது. எடுக்கல. மூணாவது வருமுன்னு கையில வச்சிக்கினே குந்திக்கினு இருந்தேன். வரவே இல்லீங்க."

"ஏன்டி எடுக்கல?" என்று கத்திவிட்டேன்.

அவள் என்னை வினோதமாகப் பார்த்தாள். "மூணாவது தரம் கூப்பிட்டாத்தானே எடுக்கணும்?"

அவர்கள் பக்கத்துப் பழக்கம் அது. உச்சி வேளையிலும் பொழுது சாயும்போதும் தெரிந்த குரலில் யாராவது வெளியிலிருந்து கூப்பிட்டால் உடனே 'இன்னா' என்று கேட்கக்கூடாது. முதல் இரண்டு கூப்பாட்டுக்கு வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும். மனுஷன் என்றால் மூன்றாவது தடவையும் கூப்பிடுவான். மற்றதுக்கெல்லாம் இரண்டுக்கு மேல் கூப்பிட முடியாது. பதில் சொல்லிவிட்டால் நம்மைக் கூட்டிக்கொண்டு போய்விடும். இதைப் போனுக்கும் வைத்திருந்தாள் இந்த மகராசி. தம்பிக்கும் தெரியும். மூன்று தடவை அடித்தால்தான் அக்கா எடுப்பாள் என்று எப்போதும் மூன்று தடவைதான் அடிப்பானாம்.

"ரெண்டோட நின்னுபோச்சுங்க. அவனா, வேற எதுனாவான்னே தெரியல" என்றாள். என் அலுவலகத்தில் மின்விசிறி ஓடிக்கொண்டிருந்தது. கீழே ஜெராக்ஸ் மெஷின் சத்தம். பட்டப்பகல். எனக்கு முதுகில் சிலீரென்றது.

அவளைக் கூட்டிக்கொண்டு காவல் நிலையத்துக்குப் போனேன். அங்கே இருந்தவர் நல்ல மனிதர்தான், டீயெல்லாம் வரவழைத்தார். ஆனால் பேச்சு மட்டும் நகரவில்லை.

"ஆளு காணாமப் போகலையேம்மா. பாஸ்போர்ட் எடுத்துக்கினு அவனாத்தான் போயிருக்கான். அடைச்சு வச்சிருக்கறது பர்மால. அடைச்சு வச்சிருக்கறவன் எந்த நாட்டுக்காரனோ. நாங்க ஜீப்ப எடுத்துக்கினு பர்மாவுக்கா போவ முடியும்?"

"போன் இங்கதானே வந்தது?" என்றேன்.

"எங்க வந்துச்சு?"

"பாறை மேலங்க" என்றாள் அவள்.

அவர் பாறை எது என்று விசாரித்தார். பிறகு வருத்தத்தோடு தலையை ஆட்டினார். "அந்த வளைவு தாண்டிட்டா சேலம் மாவட்டம் மேடம். அது எங்க லிமிட்லயே வராது. அதுவும் போனை எடுக்கவும் இல்லன்றாங்க."

எந்த நிலையத்திலும் புகாரை வாங்க வேண்டும், எல்லைக் கதையெல்லாம் பேசக்கூடாது என்று சட்டத்தை எடுத்து வீசினேன். ஒரு மனு ரசீது கொடுத்தார். ரசீதை வைத்துக்கொண்டு யாரைத் தேடுவது? அவன் இருக்கிற இடம் வரைபடத்தில்தான் பர்மா. அந்த நாட்டுப் போலீஸே அங்கே போக முடியாதாம், துப்பாக்கி வைத்திருக்கிற ஏதோ கும்பலின் ராஜ்யமாம். நம் கல்வராயன் மலையும் ஒரு காலத்தில் ஜாகிர்தார்கள் கையில்தான் இருந்தது. சுதந்திரம் வந்து எத்தனையோ வருஷம் கழித்துத்தான் சர்க்கார் மேலே ஏறியது. கோர்ட்டு வாசலில் அவளிடம் இதையெல்லாம் பேசிக்கொண்டு நின்றேன், ஏதாவது சொல்ல வேண்டுமே என்று.

அப்போது உள்ளே டவாலி ஏதோ ஒரு வழக்கில் எதிரியின் பெயரைக் கூப்பிட்டார். ஒரு தடவை. இரண்டு தடவை. மூன்று தடவை. யாரும் வரவில்லை.

அவள் என் முந்தானையைப் பிடித்தாள். "இங்கயும் மூணு தரந்தானா?"

"ஆமாண்டி. மூணாவதுக்கும் வரலன்னா வாரண்டு."

அவள் முகத்தில் அன்றைக்கு முதல் தடவையாகக் கொஞ்சம் நம்பிக்கை தெரிந்தது. எதற்கென்று எனக்கு அப்போது புரியவில்லை.

மாடிக்குத் திரும்பி வந்ததும், தம்பி கடைசியாக அனுப்பிய குரல் செய்தி ஏதாவது இருக்கிறதா என்று கேட்டேன். தூதரகத்துக்கு மனு எழுதலாம் என்று எண்ணம். அவள் போனை நீட்டினாள். "அக்கா, சாப்டியா? மழ பெய்ஞ்சா வூட்டு மேல தார்ப்பாய் போடு..."

அவ்வளவுதான் கேட்டேன். அதற்கு மேல் கேட்க வேண்டியிருக்கவில்லை. அந்த வூடு. அந்தக் குரல். 'போடுங்க மேடம், கண்டிப்பா போடுங்க.'

அவளைக் கீழே டீ குடித்துவிட்டு வரச் சொல்லி அனுப்பினேன். போனில், பிளாக் செய்த எண்களிலிருந்து வந்த அழைப்புகளைத் திறந்து பார்த்தேன். வாழ்க்கையில் முதல் தடவை பார்க்கிறேன். அந்த எண் இருந்தது. அன்றைய தேதி இருந்தது. நான் வெட்டிய பிறகு அதே எண்ணிலிருந்து ஓர் அழைப்பு. அடுத்த நிமிஷம் இன்னொன்று. நான் எடுத்ததையும் சேர்த்தால் மொத்தம் மூன்று.

மூன்றாவது தடவையும் கூப்பிட்டிருக்கிறான். நான் அப்போது தயிர்சாதம் சாப்பிட்டுக்கொண்டிருந்தேன்.

இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. அவளிடமும் சொல்லவில்லை. என்னை நானே அசிங்கமாகத் திட்டிக்கொண்டேன், அதில் எனக்குப் பழக்கமுண்டு. அப்புறம் உட்கார்ந்து யோசித்தபோது ஒன்று தட்டுப்பட்டது. அவனைப் பாதிக்கப்பட்டவன் என்று சொன்னால், குற்றம் நடந்தது பர்மாவில். நம் ஊர்ப் போலீஸுக்கு அங்கே வேலையில்லை. ஆனால் அவனைக் குற்றவாளி என்று சொன்னால்? போனில் ஏமாற்றுகிறவன் மேல், பேச்சு புறப்பட்ட இடத்திலும் வழக்குப் போடலாம், பேச்சு வந்து சேர்ந்த இடத்திலும் போடலாம். பேச்சு வந்து சேர்ந்தது என் மேஜைக்கு. கள்ளக்குறிச்சி டவுன், ஜெராக்ஸ் கடை மாடி. இந்த லிமிட்டை எவனாலும் மறுக்க முடியாது. தவிர, நம் நாட்டுக் குடிமகன் எந்த நாட்டில் குற்றம் செய்தாலும், இங்கே எந்த ஊரில் அகப்படுகிறானோ அந்த ஊரில் செய்ததாகவே வைத்து விசாரிக்கலாம். சட்டத்துக்கு அவனைக் காப்பாற்ற எல்லை தாண்டத் தெரியவில்லை. பிடிக்க வேண்டுமென்றால் நன்றாகத் தாண்டும்.

ஆனால் என் புகாரில் குற்றவாளி 'பெயர் தெரியாத நபர்'. பெயர் தெரியாதவனைத் தேட முடியாது. இது இன்னாருடைய குரல் என்று யாராவது எழுதிக் கொடுக்க வேண்டும். அவள் ஒருத்தியால்தான் முடியும்.

டீ குடித்துவிட்டு வந்தாள். சுற்றி வளைக்காமல் எல்லாவற்றையும் சொன்னேன். அந்த இரண்டு அழைப்புகளை மட்டும் விட்டுவிட்டேன்.

"எந்தம்பி திருட்டுப் பையன்னு நானே எழுதிக் குடுக்கணுமா?"

"ஆமா."

"குடுத்தா வந்துடுவானா?"

"சத்தியமாத் தெரியாதுடி. குடுக்கலன்னா அவனத் தேடறதுக்கு இந்த ஒலகத்துல ஒரு ஆளும் கெடையாது. அது மட்டுந்தான் தெரியும்."

"போடச் சொல்லுங்க, கேக்கறேன்" என்றாள்.

பதிவைப் போட்டேன். மும்பை, பார்சல், போதைப்பொருள், கைது. அவள் கண்ணைச் சிமிட்டாமல் கேட்டாள். முடிந்ததும், "குரல் அவனுது. அவன் இல்ல" என்றாள்.

"என்னடி உளர்ற?"

"அவன் இப்பிடிப் பேசமாட்டாங்க. வேற எதுவோ அவன் குரல எடுத்துக்கினு பேசுது. இன்னொருக்காப் போடுங்க."

போட்டேன். இந்தத் தடவை பின்னாலிருந்த வெண்கலச் சத்தம் அவள் காதில் விழுந்தது. "கோயில் மணி கேக்குதே. நம்ம ரிஷிவந்தியம் கோயில்ல உச்சிகால பூசைக்கு அடிக்கறாப்பல. நல்ல எடத்துலதான் கீறானா?" என்று கேட்டாள்.

"இன்னொருக்கா."

மூன்றாவது தடவை போட்டேன். மதியம் ஒன்றரை மணி. வெளியே வெயில் கண்ணைக் குத்தியது. மறுபடி மும்பை, மறுபடி பார்சல், என் திட்டு, அந்த மௌனம், மணி, கைதட்டல். 'போடுங்க மேடம். கண்டிப்பா போடுங்க.' பதிவு நின்றது.

"ம்... சொல்றா கண்ணு" என்றாள் அவள், போனைப் பார்த்து.

அவள் அழவில்லை. கையை நீட்டிப் பேனாவை வாங்கினாள். "எங்க போடணும்?"

அவளுக்குக் கையெழுத்து மட்டும்தான் தெரியும். நிதானமாக, எழுத்து எழுத்தாகப் போட்டாள்.

அதற்கப்புறம் நடந்ததெல்லாம் காகிதம். வழக்குப் பதிவானது. முதல் எதிரியாக அவன் பெயர், அப்பா பெயர், பாஸ்போர்ட் எண். விமான நிலையங்களுக்குத் தேடுதல் அறிவிப்பு போனது. டெல்லிக்கு ஒரு கடிதம், அங்கிருந்து தூதரகத்துக்கு ஒரு கடிதம். நானே புகார்தாரர், நானே சாட்சி என்பதால் அவனுக்காக நான் ஆஜராக முடியாது. பக்கத்து அறை வக்கீலிடம் வக்காலத்து கொடுக்க ஏற்பாடு செய்தேன். "புகார் குடுத்தவங்களே எதிரிக்கு வக்கீல் புடிச்சித் தராங்க, இன்னாங்க மேடம் இது கூத்து" என்று அவர் சிரித்தார். சிரிக்கட்டும்.

மாதங்கள் போயின. அவள் ஒவ்வொரு வாரமும் மலையிலிருந்து இறங்கி வந்து, எதுவும் கேட்காமல், மாடிப்படியில் கொஞ்ச நேரம் உட்கார்ந்துவிட்டுப் போவாள். நடுவில் எனக்குச் சந்தேகம் வந்தது. உயிரோடில்லாத ஒருவன் மேல் திருட்டுப் பட்டம் கட்டிவிட்டேனோ என்று. நடுப்பகலில் வெளிநாட்டு எண்ணில் போன் வந்தால் எனக்கு நெஞ்சு அடித்துக்கொண்டது. எல்லாம் வேறு வேறு குரல்கள். அதே பார்சல், அதே மும்பை. வெட்ட மனம் வராமல் கடைசிவரை கேட்டுக்கொண்டிருப்பேன்.

பிறகு பர்மா பக்கம் ஏதோ படை புகுந்தது. ஆட்களை அடைத்து வைத்து இப்படிப் போன் பேச வைத்த கட்டடங்களைத் திறந்துவிட்டார்கள் என்று செய்தி வந்தது. கையில் ஒரு காகிதமும் இல்லாத நிறைய பேர் ஆற்றங்கரையில் வெயிலில் உட்கார்ந்திருந்தார்களாம். யார் எந்த நாடு என்று நிரூபிக்க முடியாமல் பல பேர் வாரக்கணக்கில் அங்கேயே கிடந்தார்கள். இவன் பெயர் மட்டும் தூதரகத்துப் பட்டியலில் முதலிலேயே இருந்தது. தேடப்படும் குற்றவாளி அல்லவா? புகைப்படத்தோடு, பாஸ்போர்ட் எண்ணோடு இருந்தது. முதல் விமானத்திலேயே ஏற்றி அனுப்பினார்கள். இங்கே இறங்கியதும் கையைப் பிடித்து நம் ஊர்ப் போலீஸிடம் ஒப்படைத்தார்கள். பதினைந்து நாள் சிறை. ஜாமீன் மனு வந்தபோது, எனக்கு ஆட்சேபணை இல்லை என்று புகார்தாரராக நான் எழுதிக் கொடுத்தேன். மாஜிஸ்ட்ரேட் கண்ணாடிக்கு மேலே என்னை ஒரு தடவை பார்த்தார்.

முதல் வாய்தா அன்றுதான் நான் அவனைச் சரியாகப் பார்த்தேன். இளைத்துக் கறுத்திருந்தான். இடது காது சரியாகக் கேட்கவில்லை என்று அவள் சொன்னாள். எப்படி என்று நான் கேட்கவில்லை. கோர்ட்டு ஹாலில் பின்சுவர் ஓரமாக, டவாலியிடமிருந்து பத்தடி தூரத்தில் நின்றுகொண்டிருந்தான்.

வழக்கு எண்ணைச் சொல்லி, டவாலி அவன் பெயரைக் கூப்பிட்டார். அவன் அசையவில்லை. காது கேட்கவில்லையோ என்று அவன் வக்கீல் தோளைத் தொட்டார். அப்போதும் அசையவில்லை. டவாலி இரண்டாவது தடவை சத்தமாகக் கூப்பிட்டார். அவன் கண் திறந்துதான் இருந்தது, அக்காவைப் பார்த்துக்கொண்டிருந்தான். அவளும் அவனைப் பார்த்துக்கொண்டிருந்தாள். ஹாலில் எல்லோரும் திரும்பிவிட்டார்கள். வந்து நிற்பது அவன்தானா என்றுகூட ஒரு கணம் தோன்றியது. என் புத்தியை என்ன சொல்வது?

மூன்றாவது தடவை கூப்பிட்டார்.

"இருக்கேங்க ஐயா" என்றான்.

அவள் முந்தானையை வாயில் பொத்திக்கொண்டு குலுங்கிக் குலுங்கி அழுதாள். அத்தனை மாதத்தில் அவள் அழுது அன்றுதான் பார்த்தேன்.

வெளியே வேப்பமரத்தடியில் அவன் மட்டும் தனியாக நின்றபோது போனேன். அவள் டீ வாங்கப் போயிருந்தாள். மனசில் வைத்துப் புழுங்கியது போதும் என்று சொல்லிவிட்டேன்.

"தம்பி, அன்னிக்கு உன்னக் கண்டபடி திட்டிட்டேன்."

"திட்டுவீங்கன்னு தெரிஞ்சுதான் மேடம் உங்க நம்பரக் குடுத்தேன். ஊர்ல மனப்பாடமாத் தெரிஞ்ச நம்பரெல்லாம் எழுதச் சொன்னாங்க. அப்பா கேஸ் கட்டு மேல உங்க நம்பர் இருக்குமே, அத எழுதினேன். மத்தவங்க பயந்துக்குவாங்க. நீங்கன்னா கேஸ் போடுவீங்கன்னு தெரியும்." கொஞ்சம் சிரிக்கக்கூடச் செய்தான்.

"அந்த மணிச் சத்தம் என்னப்பா? உங்கக்கா கோயில்னு நெனச்சா."

"யாராச்சும் ஏமாந்தா ஒரு பெரிய தட்ட அடிப்பாங்க மேடம். எல்லாரும் கை தட்டணும்." அவன் சிரிப்பு போய்விட்டது. "அக்காகிட்ட கோயில்னே சொல்லி வச்சிருக்கேன்."

"நான் வெட்டின பிறகு நீ இன்னும் ரெண்டு தடவ கூப்பிட்டிருக்க. பிளாக் பண்ணிட்டேன்டா. மூணாவதையும் எடுக்கல. என்ன மன்னிச்சிடு."

அவன் என்னைப் புரியாமல் பார்த்தான். "ரெண்டா? நான் ஒரு தடவதான் மேடம் திருப்பிக் கூப்பிட்டேன். எந்த எடத்துல இருக்கேன்னு சொல்லலாம்னு. ரிங் போய்க்கினு இருக்கும்போதே புடிச்சிட்டாங்க. எழுதிக் குடுத்தத விட்டுட்டு வேற பேசினேன்ல, அதுக்கு. இழுத்துக்கினு போய்ட்டாங்க."

"அப்போ மூணாவது?"

வேப்பமரத்து நிழல் காலடியில் சுருங்கிக் கிடந்தது.

"மூணாவது நான் இல்ல மேடம்" என்றான். "பக்கத்து சீட்டுக்காரனா இருக்கும். எங்க ஊர்ல மூணாவது தரம் கூப்பிட்டாத்தான் எடுப்பாங்கன்னு ஒரு நாள் அவன்கிட்ட சொல்லியிருந்தேன். ரொம்ப சிரிச்சான். நான் போனப்பறம் என் சீட்டுல குந்தி அவன்தான் அடிச்சிருக்கணும். அதுக்கப்பறம் அவன நான் பாக்கவே இல்ல. வேற கட்டடத்துக்கு வித்துட்டாங்கன்னு சொன்னாங்க."

"விமானத்துல வரலையா? ஆத்தங்கரையில?"

"தேடிப் பாத்தேன். இல்ல."

"பேரு?"

"அங்க எல்லாருக்கும் வேற பேரு வச்சிடுவாங்க மேடம். நெஜப் பேரச் சொல்லக்கூடாது."

"எந்த ஊரு? எந்த ஸ்டேட்டு?"

"ஊரையும் சொல்லக்கூடாது. கொஞ்சம் இந்தி பேசுவான். தூக்கத்துல வேற எதுவோ பேசுவான். அது இன்னா பாஷன்னு எனக்குத் தெரியல."

அவள் டீயோடு வந்துவிட்டாள். மூன்று பேரும் நின்று குடித்தோம்.

மறுநாள் நான் காவல் நிலையத்துக்குப் போனேன். அதே மனிதர்தான் இருந்தார். ஒருத்தனைக் காணோம் என்று புகார் கொடுக்க வந்திருக்கிறேன் என்றேன். பெயர் என்ன என்றார். தெரியாது. வயது? தெரியாது. எந்த ஊர்? தெரியாது. நம் நாட்டுக்காரன்தானா? அதுவும் சரியாகத் தெரியாது. குரலாவது இருக்கிறதா மேடம் என்றார், கேலியாக இல்லை, நிஜமாகவே. குரல் இல்லை. நான் எடுக்கவில்லையே. அவர் பேனாவை மூடி வைத்துவிட்டு எனக்கு டீ சொன்னார். அன்றைக்கு என்னால் அவரைத் திட்ட முடியவில்லை.

தம்பியின் வழக்கு நடந்துகொண்டிருக்கிறது. மிரட்டிச் செய்ய வைத்தார்கள் என்று விடுதலையாகிவிடுவான் என்றுதான் எல்லோரும் சொல்கிறார்கள். இப்போது அக்காவோடு மரவள்ளிக் காட்டுக்குப் போகிறான். அந்தப் பாறைக்கு மட்டும் வருவதில்லை என்று அவள் சொன்னாள்.

நான் அந்த எண்ணை பிளாக்கிலிருந்து எடுத்துவிட்டேன். அந்தக் கட்டடமே இல்லை, அந்த எண் எப்போதோ செத்திருக்கும் என்று எனக்கே தெரியும். இருந்தாலும் தினமும் பன்னிரண்டு மணிக்கு மேல் கோர்ட்டிலிருந்து வந்து, போனைச் சாப்பாட்டு டப்பாவுக்குப் பக்கத்தில் வைத்துக்கொண்டு உட்காருகிறேன். அடித்தால் முதல் மணிக்கே எடுத்துவிடுவேன். திட்டமாட்டேன். ஊர் எது என்று மட்டும் கேட்பேன்.